செம்மண்ணில் ஒரு சரி

எங்கள் வீட்டுக்கு வந்த மூன்றாம் நாள் காலையில், ரொட்டியைப் பிய்த்துச் சம்பலில் தொட்டபடி அவள் கேட்டாள்: "அன்ட்டி, இந்த ஊரில் பாதிப் பேர் என்னை அவசரப்படுத்துகிறார்கள். மீதிப் பேர் என்னிடம் மன்னிப்புக் கேட்கிறார்கள். ஏன்?"

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. யார் அவசரப்படுத்தியது என்று கேட்டேன். பஸ் கண்டக்டர், பழக்கடைக்காரர், டெனிஸ் கிளப் வாசலில் நிற்கும் காவலாளி என்று அடுக்கினாள். எல்லோரும் அவளைப் பார்த்து 'ஹரி ஹரி' என்கிறார்களாம். இங்கிலிஷில் 'சீக்கிரம் சீக்கிரம்' என்று சொல்வதாக அவள் காதில் விழுந்திருக்கிறது. பாவம், மட்டைகள் நிறைந்த பையைத் தோளில் போட்டுக்கொண்டு இரண்டு நாளாக எல்லா பஸ்ஸிலும் ஓடி ஏறியிருக்கிறாள்.

"மன்னிப்புக் கேட்டது யார்?"

"நீங்கள்தான். அங்கிளும் கேட்கிறார். சந்தியில் நிற்கும் த்ரீவீலர்க்காரரும் கேட்கிறார். நேற்றுப் பின்னேரம் நீங்கள் போனில் அரை மணித்தியாலம் விடாமல் மன்னிப்புக் கேட்டீர்கள். மறுபக்கம் இருந்தது உங்கள் மேலதிகாரியா?"

அது குண்டசாலையில் இருக்கும் என் தங்கச்சி. அவள் வாயைத் திறந்தால் நமக்கு மிஞ்சுவது 'சரி... சரி... சரி சரி' மட்டும்தான். அந்தச் சரியைத்தான் இந்தப் பெண் இங்கிலிஷ் 'சொறி' என்று எடுத்திருக்கிறாள். எங்கள் நாட்டில் அந்த மன்னிப்பை அப்படித்தான் எழுதுவோம். உடம்பில் வரும் சொறிக்கும் அதே எழுத்துத்தான், அதனால் யாருக்கும் இதுவரை தொந்தரவில்லை. சிங்களவர் ஹரி என்பதையே நாங்கள் சரி என்கிறோம், இரண்டும் ஒன்றுதான் என்று விளக்கினேன். மேசையில் கையை வைத்துக்கொண்டு கண்ணீர் வரும்வரை சிரித்தாள். அதற்கு முன் அவள் சிரித்து நான் பார்த்ததில்லை.

அவள் டெனிஸ் ஆடுகிறவள். ஊர் ஸ்லோவேனியா. என் வீட்டுக்காரர் அவள் புறப்படும் நாள்வரை அதை ஸ்லோவாக்கியா என்றே சொன்னார், அவளும் அலுக்காமல் திருத்தினாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்பிட்டியவில் எங்கள் கோவிலில் தமிழ்ப் பூசை முடிந்ததும் பாதர் ஓர் அறிவித்தல் சொன்னார். கண்டியில் பெண்களுக்கான சர்வதேச டெனிஸ் போட்டி நடக்கப் போகிறது, வெளிநாட்டிலிருந்து வரும் பிள்ளைகள் சிலருக்குத் தங்க வீடு தேவை, முடிந்தவர்கள் சொல்லுங்கள் என்றார். வீட்டுக்காரரைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் நான் கையைத் தூக்கினேன். மகளுக்குக் கொழும்பில் வேலை, அவளுடைய அறை சும்மா கிடந்தது. அதெல்லாம் வெளியே சொன்ன காரணம். உண்மையில், டிவியில் பார்க்கிற டெனிஸ்காரிகள் வீட்டில் எப்படி இருப்பார்கள், என்ன சாப்பிடுவார்கள், அந்த நீளப் பைக்குள் என்னதான் வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும் போலிருந்தது. ஒரு பைக்குள் என்ன இருக்கிறது என்று தெரியாவிட்டால் எனக்குச் சோறு இறங்காது.

பைக்குள் மட்டைகள் இருந்தன, ஒரு குட்டித் தலையணை இருந்தது, ஓட்ஸ் பொட்டலம் இருந்தது. கூட வந்த ஆட்கள் என்று யாருமே இல்லை. பயிற்சியாளர் எங்கே என்று கேட்டேன். போனைக் காட்டினாள். அவர் அதற்குள்ளேதான் இருந்தார்.

மற்றக் கேள்விகளும் ஒவ்வொன்றாக வந்தன. மைதானத்திலிருந்து வந்ததும் ஏன் சப்பாத்தைக் கழற்றி வாசற்படியில் ஓங்கி ஓங்கி அடிக்கிறாய்? செம்மண் உதிர்வதற்கு. ஏன் உன் காலுறைகளை மட்டும் தனியாக ஊற வைக்கிறாய்? மற்ற உடுப்பையும் சிவப்பாக்கிவிடும். தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவளுக்குச் செம்மண் கறையைப் பற்றி ஒருத்தி ஐரோப்பாவிலிருந்து வந்து பாடம் எடுக்கிறாளே என்று எனக்கு லேசான கடுப்பு. தேசிக்காயைப் பிழிந்து உப்புப் போட்டுத் தேய்த்து வெயிலில் காயவைத்தேன். முக்கால்வாசிதான் போனது. "போதும், இதற்குமேல் எங்குமே போனதில்லை," என்றாள்.

வந்த அன்றே கேட்ட கேள்வி ஒன்று உண்டு. "உலகத்தில் நீ எத்தனையாவது இடம்?"

"எனக்கு இடமே இல்லை," என்றாள்.

கோபித்துக்கொண்டாளோ என்று நினைத்தேன். இல்லை, அது உள்ளபடியான பதில். ஒரு வருடத்துக்குள் மூன்று வெவ்வேறு போட்டிகளில் புள்ளி எடுத்தால்தான் உலகத் தரவரிசையில் பெயரே ஏறுமாம். துருக்கியில் ஒன்று எடுத்திருந்தாள், துனீசியாவில் ஒன்று. துனீசியாவில் எடுத்ததற்கு வருடம் முடியப் போகிறது. முடிந்தால் அந்தப் புள்ளி அழிந்துவிடும். ஆகவே கண்டியில் மூன்றாவதை எடுத்தாக வேண்டும். தகுதிச் சுற்று ஆட்டங்களைத் தாண்டி, பிரதான சுற்றில் முதல் ஆட்டத்தில் வென்றால் போதும். கடைசி இடமாக இருந்தாலும் அவளுக்கென்று ஓர் எண் கிடைக்கும். கிடைக்காவிட்டால் ஊருக்குத் திரும்பி அக்காவின் மருந்துக்கடையில் நிற்பதாக வீட்டில் வாக்குக் கொடுத்துவிட்டுத்தான் விமானம் ஏறியிருக்கிறாள்.

ஓர் எண்ணுக்காக ஒரு பிள்ளை இவ்வளவு தூரம் வருமா என்று முதலில் வியப்பாக இருந்தது. பிறகு அந்த எண் எனக்கும் வேண்டும் போலாகிவிட்டது. என் மகளின் ஏ.எல். பரீட்சை ரிசல்ட்ஸுக்குக்கூட நான் இப்படிப் பதறியதில்லை. மகள் இதைப் படித்தால் ஒத்துக்கொள்ள மாட்டாள், ஆனால் உண்மை அதுதான்.

சரி என்ற சொல் அவளுக்கு மிகவும் பிடித்துப் போனது. ஒரு சொல்லை வைத்துக்கொண்டு இவ்வளவு காரியம் பார்க்கிறீர்களா என்று கேட்டாள். நானும் சும்மா விடவில்லை. ஒருமுறை சொன்னால் சம்மதம். இரண்டுமுறை வேகமாகச் சொன்னால் போதும் நிறுத்து. இழுத்துச் சொன்னால் நம்பவில்லை. குளிர் அதிகமென்றால் சரியான குளிர், மழை அதிகமென்றால் சரியான மழை. காரியம் கைகூடாவிட்டால் சரிவரல்ல. அடுத்த நாள் தகுதிச் சுற்றில் ஓர் ஆட்டம் வென்றுவிட்டு வந்து, பையை இறக்கி வைத்து, என் வீட்டுக்காரரிடம் "சரியான பசி," என்றாள். அவர் கையிலிருந்த பேப்பரை மடித்துவிட்டுத் தானே எழுந்து போய்ச் சோறு போட்டுக் கொடுத்தார். எனக்கு ஒருநாளும் அப்படிப் போட்டுத் தந்ததில்லை.

செம்மண் ஆட்டத்தின் சட்டத்தை எனக்கு அவள் சொல்லித் தந்தது குசினியில். நான் ரொட்டிக்கு மாவைப் பலகையில் பரப்பியிருந்தேன். கூடையிலிருந்து ஒரு தேசிக்காயை எடுத்து மாவில் போட்டாள். சின்னக் குழி விழுந்தது. மற்றத் தரைகளில் பந்து விழுந்த இடம் கண்ணுக்குத் தெரியாது, செம்மண்ணில் இப்படி அடையாளம் விழும், அதனால் சந்தேகம் வந்தால் அம்பயர் தன் உயரக் கதிரையிலிருந்து இறங்கி வந்து பார்ப்பார் என்றாள். விரலால் மாவில் ஒரு கோடு இழுத்தாள். அடையாளத்தின் ஓரம் கோட்டில் பட்டிருந்தாலே பந்து உள்ளேதான். பிறகு கட்டைவிரலால் அந்தக் குழியைத் தேய்த்து மட்டமாக்கினாள்.

"இப்படி யாராவது அடையாளத்தை அழித்தால், அந்தப் புள்ளியை விட்டுக்கொடுத்துவிட்டார் என்று அர்த்தம். பிறகு யாரும் எதுவும் பேசமாட்டார்கள்."

"நீ அழித்திருக்கிறாயா?"

"தேவையில்லாமல் அழிப்பேனா?" என்று சிரித்துவிட்டு, மாவு ஒட்டிய தேசிக்காயைக் கழுவித் திரும்பவும் கூடையில் வைத்தாள்.

இந்த இடத்தில் டீச்சரைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் வீட்டுக்கு இரண்டு வீடு கீழே இருப்பவர், ஒரு பெண்கள் பாடசாலையில் விளையாட்டும் கணக்கும் படிப்பிக்கிறார். கோவில் பாட்டுக்குழுவில் எனக்குப் பக்கத்தில் நின்று பாடுவார். நான் சுருதி விலகினால் பாட்டை நிறுத்தாமலே முழங்கையால் இடிப்பார். அந்த இடியை நான் பல வருடமாக மனதில் வைத்திருக்கிறேன். அவர் பயிற்சி எடுத்து, இந்தப் போட்டியில் கோட்டுக்குப் பின்னால் நின்று பந்து உள்ளேயா வெளியேயா என்று சைகை காட்டும் லைன் அம்பயராக இருந்தார். நீலச் சட்டையும் வெள்ளைத் தொப்பியும் அவருக்கு நன்றாகத்தான் இருந்தன. ஒருநாள் எங்கள் கேற்றடியில் அவரைக் கண்டு, உள்ளே வந்து தேத்தண்ணி குடிக்கக் கூப்பிட்டேன்.

"இல்லைங்க, இந்தக் கிழமை முடியிற வரைக்கும் உங்க வீட்டுக்கு வரமாட்டேன். ஆடுற புள்ள உங்க வீட்டுலதானே இருக்கு. அம்பயர் வந்து போனா நல்லாருக்காது."

"தேத்தண்ணியில என்னங்க இருக்கு?"

"சட்டம் சட்டந்தானுங்க," என்றுவிட்டு நடந்துவிட்டார். எனக்கு முகத்தில் அடித்த மாதிரி இருந்தது. பாட்டுக்குழுவில் இடிக்கிற அதே ஆள்தானே என்று நினைத்துக்கொண்டேன்.

தகுதிச் சுற்று ஆட்டங்களை எல்லாம் அவள் வென்றாள். பிரதான சுற்றின் முதல் ஆட்டத்தன்று நான் லீவு போட்டேன், வீட்டுக்காரர் தன் இரும்புக்கடையை மத்தியானமே பூட்டினார். போட்டி என்றதும் பெரிய கூட்டத்தை எதிர்பார்த்துப் போனேன். நாலைந்து வரிசைக் கதிரைகள், அதிலும் பாதி காலி. ஒரு பக்கத்துப் பின்கோட்டுக்கு நேரே, டீச்சரின் முதுகு தெரியும்படி உட்கார்ந்தோம். ஹந்தானை மலைப் பக்கம் மேகம் திரண்டிருந்தது. ஆடுவதற்கு முன் ஒருவர் வந்து பெரிய வலையை இழுத்துத் தரையை மட்டமாக்கி, விளக்குமாற்றால் கோடுகளை மட்டும் கூட்டிவிட்டுப் போனார். வாசல் கூட்டுகிற நேர்த்தியோடு அதைச் செய்தார், பார்க்கவே ஆசையாக இருந்தது.

எதிராளி ஜப்பானியப் பெண். ஆளுக்கு ஒரு செட் எடுத்து மூன்றாவது செட்டுக்கு வந்துவிட்டார்கள். எங்கள் பிள்ளை முன்னுக்கு நின்றாள், பிறகு சமனாகியது, பிறகு பின்னுக்குப் போனாள். கடைசியில் அந்த ஜப்பானியப் பெண்ணுக்கு இன்னும் ஒரே ஒரு புள்ளிதான் வேண்டும் என்ற நிலை வந்தது. வீட்டுக்காரர் என் கையைப் பிடித்துக்கொண்டார். கல்யாணமான புதிதில் பிடித்ததற்குப் பிறகு வெளியிடத்தில் அவர் அப்படிப் பிடித்தது அன்றைக்குத்தான்.

எதிர்ப்பக்கத்திலிருந்து ஒரு பந்து உயர வந்து எங்கள் பிள்ளையின் காலடியில், டீச்சர் நின்ற பின்கோட்டோரமாக விழுந்தது. டீச்சர் இரண்டு கைகளையும் தரைக்கு மட்டமாக நீட்டினார். பந்து உள்ளே என்று அர்த்தம். எங்கள் பிள்ளை அதை அடிக்கவில்லை. ஆட்டத்தை நிறுத்தி, பந்து வெளியே விழுந்தது, அடையாளத்தைப் பாருங்கள் என்று அம்பயரைக் கூப்பிட்டாள். உள்ளே என்றால் அவள் கதை முடிந்தது. வெளியே என்றால் இன்னும் ஆடலாம்.

அம்பயர் வெளிநாட்டுக்காரர். இறங்கி வந்து குனிந்தார். அங்கே பக்கத்தில் பக்கத்தில் இரண்டு அடையாளங்கள் இருந்தன என்று பிறகு தெரிந்தது. ஒன்று கோட்டில் ஓரம் பட்டிருந்தது. மற்றது தள்ளி இருந்தது. இரண்டில் ஒன்று முந்திய ஏதோ ஒரு பந்து போட்டது. எது இந்தப் பந்தினுடையது என்பதுதான் கேள்வி. அம்பயர் டீச்சரிடம் திரும்பி வேகமான இங்கிலிஷில், உங்கள் முடிவு சரிதானா, உறுதியாகத் தெரியுமா என்று கேட்டார்.

டீச்சர் நாள் முழுக்கப் பிள்ளைகளின் கணக்குக் கொப்பிகளில் சரி பிழை போடுகிறவர். எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்கையில் திடீரென்று கேட்டதும் வாயில் அதுதான் வந்தது. இரண்டு அடையாளத்துக்கும் மேலாக விரலைக் காட்டி, "சரி, சரி," என்றார். போதாததற்கு நம் வழக்கப்படி தலையையும் இரண்டு பக்கமும் ஆட்டினார்.

எனக்குத் தெளிவாகக் கேட்டது. அம்பயருக்கும் கேட்டது, அவருக்குத் தெரிந்த மொழியில். தலை இல்லை என்கிறது, வாய் மன்னிப்புக் கேட்கிறது. பரவாயில்லை என்பதுபோல் டீச்சருக்குக் கையைக் காட்டிவிட்டு, சுட்டுவிரலை உயர்த்தி, பந்து வெளியே என்று அறிவித்தார்.

"வெளியவாம். தப்பிச்சிட்டா," என்று வீட்டுக்காரர் கை தட்டினார். பின்னால் இருந்தவர்களும் தட்டினார்கள். டீச்சர் வாய் திறந்தபடி நின்றார். லைன் அம்பயர் பெரிய அம்பயரோடு வாதாடக்கூடாது என்பது சட்டம், அவருக்குச் சட்டம் சட்டம்தான்.

எங்கள் பிள்ளை பந்தைக் கையில் எடுத்துக்கொண்டு அடுத்த புள்ளிக்குத் தயாராகப் போனாள். போகிற வழியில் டீச்சரின் முகத்தைப் பார்த்தாள். நின்றாள். பிறகு அம்பயரைக் கூப்பிட்டாள். அவள் சொன்னது எங்களுக்குக் கேட்டது.

"அவர் சொறி சொல்லவில்லை. சரி சொன்னார். அவர் மொழியில், தான் சொன்னது சரியென்று அர்த்தம்."

அம்பயர் திரும்பி வந்து ஏதோ கேட்கத் தொடங்கினார். அவள் காத்திருக்கவில்லை. கோட்டோரத்து அடையாளத்தின்மேல் சப்பாத்தை வைத்து, இடமும் வலமுமாகத் தேய்த்தாள். பலகையில் மாவைத் தேய்த்த அதே மாதிரிதான். அங்கே குழியும் இல்லை, அடையாளமும் இல்லை. மட்டையை இடது கைக்கு மாற்றிக்கொண்டு, எதிராளிக்குக் கை கொடுக்க வலைப் பக்கம் நடந்தாள்.

எனக்கு வந்தது கோபம். அழுகையெல்லாம் பிறகுதான். அம்பயரே சொல்லிவிட்டாரே, உனக்கென்ன வந்தது, உன்னை யார் கேட்டது? இந்தப் பிள்ளைக்குத் தமிழ் சொல்லிக் கொடுத்தது யார் என்று கத்த வேண்டும் போலிருந்தது. சொல்லிக் கொடுத்தது நான்தான். ஒரே ஒரு சொல். அது தெரியாமல் இருந்திருந்தால் அவள் இன்னும் ஆடிக்கொண்டிருப்பாள்.

எதிராளிக்குக் கை கொடுத்தாள், அம்பயருக்குக் கொடுத்தாள். பிறகு தன் பையை எடுக்காமல் மைதானத்தின் குறுக்கே நடந்து வந்து டீச்சருக்கும் கை கொடுத்தாள். ஆட்டக்காரர்கள் லைன் அம்பயருக்குக் கை கொடுக்கும் வழக்கமில்லை என்று பிறகு கேள்விப்பட்டேன். டீச்சர் தொப்பியைக் கழற்றினார்.

திரும்பி வருகையில் மூன்று பேரும் த்ரீவீலரில் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தோம். ஓட்டியவர் எங்கள் சந்தியில் நிற்பவர்தான். அம்பிட்டிய ஏற்றத்தில் கண்ணாடி வழியாக அவளைப் பார்த்து, "என்ன மிஸ், ஜெயிச்சாச்சா?" என்று கேட்டார். நான் பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் அவளே சொன்னாள்.

"சரிவரல்ல."

அவர் கியரை மாற்றினார். நான் வெளியே பார்த்துக்கொண்டு வந்தேன்.

பின்னேரம் டீச்சர் வந்தார். கையில் ஒரு கேக் பெட்டி. போட்டி இன்னும் முடியவில்லையே, இப்போது மட்டும் வரலாமா என்று கேட்க நாக்கு துடித்தது, கேட்கவில்லை.

"நான் சரின்னுதாங்க சொன்னேன்," என்றார் கேற்றைப் பிடித்துக்கொண்டு.

"தெரியுங்க. எனக்கும் கேட்டுச்சு."

"இங்கிலிஷ்ல சொல்ல எனக்குத் தெரியாதா? அந்த நேரம் பார்த்து வரல்லைங்க. ரெண்டு வருஷமா படிச்சது. அந்தப் புள்ள மட்டும் சொல்லாட்டி, பிழையான தீர்ப்பு குடுத்தவன்னு என் பேர்ல இருந்திருக்கும். ஆனா அது தோத்துப்போச்சே." உள்ளே வரச் சொன்னேன். இந்தமுறை வந்து, கதிரையின் நுனியில் உட்கார்ந்து, தேத்தண்ணி குடித்தார். அவள் அறையில் போனில் இருந்தாள். பயிற்சியாளரோடா, அக்காவோடா தெரியவில்லை. எப்படியோ அறைக்கதவு சாத்தியே இருந்தது. டீச்சர் காத்திருந்து பார்த்துவிட்டு, கேக்கைக் கொடுக்கச் சொல்லிவிட்டுப் போனார்.

அவர் போன பிறகுதான் அவள் வெளியே வந்தாள். வாசற்படியில் உட்கார்ந்து சப்பாத்தை அடிக்கத் தொடங்கினாள். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். செம்மண் படியெல்லாம் தூளாக விழுந்தது. கேட்காமல் இருக்க என்னால் முடியாது, அது என் பிறவிக் குணம்.

"பந்து எங்கே விழுந்தது? நீ என்ன பார்த்தாய்?"

"வெளியே விழுந்ததாகத்தான் பார்த்தேன். அதனால்தான் நிறுத்தினேன்," என்றாள். "ஆனால் அவர் என்னைவிட நன்றாகப் பார்க்கும் இடத்தில் நின்றார். அவர் சரி என்றார். இங்கே வந்ததிலிருந்து எனக்கு நன்றாக விளங்கிய ஒரே சொல் அது. விளங்காத மாதிரி எப்படி நடிப்பது?"

துனீசியாவின் புள்ளி போய்விடும். எண் இல்லை. மருந்துக்கடைதான். அவள் அதையெல்லாம் சொல்லவில்லை. எனக்கு அதெல்லாம் வரிசையாக ஞாபகம் வந்தது.

"சொறி," என்றேன்.

அவள் சப்பாத்தைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"இது இங்கிலிஷா, தமிழா?"

"இங்கிலிஷ்."

"அது வேண்டாம். மற்றதைச் சொல்லுங்கள்."

"சரி," என்றேன்.

அவள் தலையை நம்மைப் போலவே இரண்டு பக்கமும் ஆட்டினாள். பிறகு காலுறைகளைக் கழற்றி என்னிடம் நீட்டினாள். நான் உள்ளே போய்த் தேசிக்காய் எடுத்து வந்தேன்.